கீர் ஹார்டி: தொப்பி மட்டும் போதாது

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு இதழில் பிரிட்டனின் தொழிலாளர் தலைவர் கீர் ஹார்டி பற்றிய கட்டுரையைப் படித்தேன். தமிழ்ப் பத்திரிகையில் அந்தப் பெயரைப் பார்த்ததில் ரொம்ப சந்தோஷம். ஆனால் 1892-இல் பட்டுத் தொப்பிக்காரர்களுக்கு நடுவே சாதாரணத் தொப்பியோடு பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்குள் போனார் என்பதிலேயே பாதிக் கட்டுரை ஓடிவிட்டது. உள்ளே போய் என்ன பேசினார் என்பது வரவில்லை.

1894 ஜூன் 23 அன்று வேல்ஸில் ஆல்பியன் நிலக்கரிச் சுரங்கம் வெடித்து 290 பேர் செத்தார்கள். சிறுவர்களும் அதில் உண்டு. அதே நாளில் அரச குடும்பத்தில் ஓர் ஆண் குழந்தை பிறந்தது. நாடாளுமன்றம் குழந்தைக்கு வாழ்த்துத் தீர்மானம் கொண்டுவந்தது. அந்த வாரம் கொலையுண்ட பிரெஞ்சு ஜனாதிபதிக்கு இரங்கலும் சொன்னது. சுரங்கக் குடும்பங்களுக்கும் ஒரு வார்த்தை சேருங்கள் என்று ஹார்டி கேட்டார். மறுத்துவிட்டார்கள். சபையே கூச்சல் போட, ஒற்றை ஆளாக நின்று பேசினார். மறு வருடத் தேர்தலில் தோற்றார். 1900-இல் அவரை மறுபடி அனுப்பியது அதே தெற்கு வேல்ஸ் சுரங்கப் பகுதி மக்கள்தான். 1915-இல் சாகும்வரை மெர்தர் டிட்ஃபில் தொகுதி அவரைக் கைவிடவில்லை.

மூணாறுக்காரர்களுக்கு இது ஏதோ தூரத்துச் சரித்திரம் இல்லை. 2020 ஆகஸ்ட் 6 ராத்திரி எங்கள் பக்கத்துப் பெட்டிமுடியில் மலை சரிந்து, லயங்களில் (தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில்) தூங்கிய 70 பேர் போய்விட்டார்கள். பெரும்பாலும் நம் தமிழ்க் குடும்பங்கள். செல்போன் டவர் வேலை செய்யாததால் விடிந்த பிறகுதான் வெளியே தெரிந்தது. நான் போனபோது வீடு இருந்த இடத்தில் கல்லும் சேறும், மடங்கிய தகரமும்தான் கிடந்தன. மறுநாள் கோழிக்கோடு பக்கம் கரிப்பூரில் விமான விபத்து. அங்கே இறந்தவர்களின் குடும்பத்துக்குத் தலா 10 லட்சம் ரூபாய், பெட்டிமுடிக்கு 5 லட்சம் என்று கேரள அரசு அறிவித்தது. விமானத்தில் இறந்தவர்களுக்குக் கொடுத்ததில் எங்களுக்கு வருத்தமே இல்லை. லயத்து உயிருக்கு ஏன் பாதி? 1894-இல் ஹார்டி எழுந்து நின்றதும் இப்படியொரு கேள்விக்குத்தான்.

அவர் பிள்ளைப் பருவத்தையும் எழுதியிருக்கலாம். 10 வயதில் சுரங்கத்தில் இறங்கி, காற்றோட்டத்துக்கான கதவைத் திறந்து மூடும் வேலை பார்த்தார். விளக்குப் புகையில் கருப்பாக்கிய கல்லில், திரி தூண்டும் ஊசியால் கீறிக் கீறிச் சுருக்கெழுத்துப் பழகினார். அப்புறம் பத்திரிகைக்காரரானார், தொழிற்கட்சியின் முதல் தலைவரானார். 1907-இல் இந்தியாவுக்கு வந்து, இந்த மக்களுக்குச் சுயாட்சி கொடுங்கள் என்று பேசியதற்கு லண்டன் பத்திரிகைகளிடம் வாங்கிக் கட்டிக்கொண்டார்.

அவர் பிறந்தது 1856 ஆகஸ்ட் 15. வரும் ஆகஸ்ட் 15 சிறுவர் பக்கத்தில் அந்தக் கதவுக்காரப் பையனின் கதையைப் போடுங்கள். எங்கள் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு நானே வாசித்துக் காட்டுகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தேயிலைத் தோட்டத் தொழிலாளி,
மூணாறு, இடுக்கி மாவட்டம்.