அடுத்த புயலுக்குப் பிறகு எங்கள் கரைக்கு வீடு கட்ட வரப்போகிறவர்களுக்கு

கட்டிடக் கலைஞர்களுக்கும் தொண்டு நிறுவனங்களுக்கும் வணக்கம்.

நான் நாகப்பட்டினம் மாவட்டத்துக் கடலோர ஊர்க்காரன். 2004 டிசம்பர் 26 அன்று வந்த சுனாமியில் எங்கள் மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதற்குப் பிறகு வீடு கட்டித் தர எங்கெங்கிருந்தோ வந்தார்கள், அந்த நன்றி எங்களுக்கு இன்றும் உண்டு. 2018இல் கஜா புயல் அடித்த இரவில் அந்தக் காங்கிரீட் கூரைக்குக் கீழேதான் பிள்ளைகளோடு உட்கார்ந்திருந்தோம்.

ஆனால் ஒன்றைச் சொல்லியே ஆகவேண்டும். எங்களுக்கு வீடு கட்டிய நிறுவனம் முதலில் செய்த வேலை, ஜேசிபியை விட்டு இடத்தை மொட்டையாக்கியது. அவர்களுடைய வரைபடத்தில் எல்லா வீடும் ஒரே அளவு, ஒரே வரிசை, பார்க்க அழகாகத்தான் இருந்தது. அதற்குக் குறுக்கே நின்ற பூவரசும் வேம்பும் போயின. அலைக்குத் தப்பிய, இன்னும் இருபது வருஷம் தாங்கக்கூடிய ஓட்டு வீடுகளையும், புதுவீடு வேண்டுமென்றால் இடிக்கத்தான் வேண்டும் என்று சொல்லி இடிக்க வைத்தார்கள். அந்த மர நிழலில்தான் வலையின் கிழிசலைச் சரி செய்வோம், பெண்கள் மீன் கூடையை இறக்கிவைத்து மூச்சு வாங்குவார்கள், கல்யாணப் பேச்சும் சண்டையும் அங்கேதான். வரைபடத்தில் அதற்குப் பெயர் 'காலியிடம்'.

புதுவீட்டில் சமையலறைக்கு ஒட்டியே கழிவறை. விறகு அடுப்புப் புகை போக வழியில்லை. சித்திரை மாதம் மத்தியானம் உள்ளே இருக்க முடியாது. அதனால் ஒவ்வொரு வீட்டுக்காரரும் சொந்தக் காசில் முன்னால் கீற்றுக் கொட்டகை போட்டு அங்கேயே சமைத்து, அங்கேயே படுத்தோம், கழிவறையில் வலையும் பழைய சாமானும் கிடந்தன. திறப்பு விழாவில் எடுத்த போட்டோவில் இதெல்லாம் இருக்காது.

எங்களைக் கேட்கவில்லையா என்றால், கேட்டார்கள், ஊர்ப் பஞ்சாயத்தை. அங்கே உட்கார்ந்தவர்கள் எல்லாரும் ஆண்கள். அடுப்படியைப் பற்றி என் அம்மாவிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கடலுக்குப் போகாத, கூலி வேலை பார்க்கிற தலித் குடும்பங்களைப் பட்டியலில் சேர்க்கவே பெரிய பாடாகிவிட்டது.

அதனால் தயவுசெய்து பென்சிலை எடுப்பதற்கு முன்னால் ஒரு வாரம் எங்களோடு இருங்கள். எந்த மரத்தைத் தொடக்கூடாது, படகு கண்ணில் படுகிற தூரம் எவ்வளவு, எவர் வீட்டை இடிக்க வேண்டாம் என்பதை நாங்களே நடந்து காட்டுகிறோம். ஒரே ஒரு வீட்டை முதலில் கட்டுங்கள், ஒரு குடும்பம் ஒரு கோடை முழுக்க அதில் குடியிருக்கட்டும், அப்புறம் மற்றதைத் தொடங்கலாம். பெண்களிடம் பேச வேண்டுமென்றால் காலையில் வராதீர்கள், மீன் விற்கப் போயிருப்பார்கள். சாயங்காலம் கருவாடு அள்ளுகிற நேரத்துக்கு வாருங்கள்.