வழக்கு முடியும் முன்பே காலம் முடிந்தால்

சென்னை

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. வள்ளியூரில் நல்ல மழை, கிணறு நிரம்பிவிட்டது என்று படித்ததும் மகிழ்ந்தேன். இங்கே எல்லோரும் நலம். பேத்தி பள்ளிக்கூடம் போகத் தொடங்கிவிட்டாள்.

உன் மைத்துனரின் பதவி உயர்வு வழக்கைப் பற்றிக் கேட்டிருந்தாய். ஓய்வு பெறும் நாளுக்குள் விசாரணைக்கு வராவிட்டால், மனு பயனற்றுப் போனது என்று தள்ளுபடி செய்துவிடுவார்களோ என்ற அவருடைய பயம் நியாயமானதுதான். தீர்த்துவைக்க விஷயமே மிஞ்சாதபோது நீதிமன்றம் அப்படித்தான் முடிக்கிறது. ஒருவருக்கு நிறுத்திய ஓய்வூதியத்தை, வழக்கு நடக்கும்போதே அரசு கொடுத்துவிட்டது என்றால் அதில் குறையில்லை. கேட்டவருக்குக் கேட்டது கிடைத்தது, வழக்குக் கட்டும் ஒன்று குறைந்தது.

காலம் கடந்ததாலேயே முடியும் வழக்குகள்தான் என் மனத்தை ஆறவிடுவதில்லை. உங்கள் ராதாபுரம் தொகுதியையே பார். 2016 சட்டமன்றத் தேர்தலில் 49 வாக்கு வித்தியாசம். தோற்ற அப்பாவு வழக்குத் தொடுத்தார். உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2019 அக்டோபரில் தபால் வாக்குகளையும் கடைசி மூன்று சுற்று வாக்குகளையும் மறுபடி எண்ணினார்கள். முடிவை அறிவிக்க உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. தடை நீங்குமுன் 2021 தேர்தலே வந்துவிட்டது. தேர்தல் வழக்கை ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்று 1951ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் சொல்கிறது!

அதைவிடக் கொடியது குண்டர் சட்ட வழக்கு. 1982ஆம் ஆண்டின் அந்தச் சட்டப்படி விசாரணையின்றி ஒருவரை 12 மாதம் வரை அடைத்துவைக்கலாம். சென்னையில் உத்தரவிடுபவர் காவல் ஆணையர். பிறகு அரசு ஒப்புதல் தரவேண்டும், காவலில் வைக்கப் போதிய காரணம் உண்டா என்று அறிவுரைக் கழகம் ஆராயவேண்டும். அடைபட்டவரை விடுவிக்கக் கோரும் ஆட்கொணர்வு மனு உயர் நீதிமன்றத்தில் இரு நீதிபதிகள் முன் வரும்போது, படிக்க முடியாத நகலைக் கொடுத்தார்கள், முறையீட்டைப் பரிசீலிக்கத் தாமதித்தார்கள் என்று பல உத்தரவுகள் ரத்தாகின்றன. ஆனால் மனுவின் முறை வருவதற்குள் அந்த 12 மாதமும் கழிந்துவிட்டால்? ஆள் வெளியே வந்துவிட்டார், மனு முடிந்தது. அடைத்தது சரியா தவறா என்று யாரும் சொல்வதில்லை. அதே குறையுள்ள உத்தரவு நாளை இன்னொருவன் மீது பாயும். புழல் சிறைக்கு அலைந்த ஒரு தாய், “அப்படியானால் தப்பு என் பிள்ளை மேல்தானா?” என்று கேட்டார். “இல்லையம்மா, நீதிமன்றம் அதைப் பற்றி ஒன்றுமே சொல்லவில்லை” என்றுதான் என்னால் சொல்ல முடிந்தது. விடுதலையான பிறகும் இத்தகைய வழக்குகளில் காவல் சட்டப்படி சரியா என்று தீர்ப்புச் சொல்லியே ஆகவேண்டும். இதில் எனக்கு இரண்டாம் எண்ணம் இல்லை.

மைத்துனர் கலங்க வேண்டாம். பதவியை மட்டும் கேட்டிருந்தால்தான் சிக்கல். கருத்தியலான பதவி உயர்வும் (அந்தப் பதவியில் உட்காராவிட்டாலும், உரிய நாளிலேயே உயர்வு கிடைத்ததாகக் கணக்கில் கொள்வது), அதன்படி திருத்திய ஓய்வூதியமும் வேண்டும் என்று கோரிக்கையை இப்போதே திருத்தச் சொல். விரைந்து விசாரிக்கக் கோரி ஒரு மனுவும் போடட்டும். அவருக்கு இளையவர் யாருக்காவது பதவி உயர்வு கொடுத்திருந்தால் அந்த உத்தரவின் நகலை எடுத்து எனக்கும் ஒன்று அனுப்பு.

அன்புடன்,
உன் பழைய நண்பன்