ஐம்பது வருஷ வாய்தா

பாலு,

எட்டு மாதமாக உன் கடிதத்துக்குப் பதில் போடவில்லை. திட்டுவதாக இருந்தால் திட்டி முடித்துவிட்டு மேலே படி. முட்டிவலி அப்படியேதான். பெரியவளுக்கு வரன் அமைந்துவிட்டது, பத்திரிகை தனியாக வரும். எழுத உட்கார்ந்தது வேறு விஷயத்துக்கு.

நேற்று ராத்திரி போலந்து டைரக்டர் ஆந்த்ரே வாய்தாவின் 'கதின்' படம் பார்த்தேன். சிரிக்காதே. ஃபிலிம் சொசைட்டியில் அவருடைய 'கனால்' படத்தைப் போட்ட அன்று முக்கால் படம் தூங்கிவிட்டு வெளியே வந்து, "சாக்கடைக்குள்ளேயே நடக்கிறான்கள், இந்த ஆளுக்குச் சண்டையை விட்டால் வேறு கதை கிடையாதா, பேருக்கு ஏற்றாற்போல் வாய்தா வாங்கிக்கொண்டே இருக்கிறார்" என்று நான் அடித்த ஜோக்கை நீ இன்னும் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டுதானே திரிகிறாய்?

அந்த வாய்தா ஜோக் நிஜமாகிவிட்டதடா. அவருடைய அப்பா யாகூப், போலந்துப் படையில் கேப்டன். 1940இல் கதின் படுகொலையில் சோவியத் ரகசியப் போலீஸ் சுட்டுக் கொன்ற சுமார் 22,000 பேரில் ஒருவர். அப்போது பையனுக்கு வயது 14. கொல்லப்பட்டவர்கள் பட்டியலில் வாய்தா என்று ஒரு பெயர் இருந்ததாம், ஆனால் யாகூப் இல்லை, கரோல் என்று. அந்தத் தப்பான பெயரைப் பிடித்துக்கொண்டு அம்மா காத்திருந்திருக்கிறார். படத்தில் அது ஒரு ஸ்வெட்டராக வருகிறது: நண்பன் கொடுத்த ஸ்வெட்டரோடு ஒருவன் சாகிறான், பட்டியலில் நண்பனின் பெயர் ஏறுகிறது, இங்கே மனைவி வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

ஜெர்மானியர்தான் செய்தார்கள் என்று மாஸ்கோ 1990 வரை சாதித்தது. போலந்தில் அதைப் படமாக எடுப்பது இருக்கட்டும், வாய்விட்டுப் பேசவே முடியாது. 1957இல் வந்த 'கனால்' முடிவிலேயே, சாக்கடை வழியாகத் தப்பி வந்த இரண்டு பேர் கம்பிக்குப் பின்னால் நின்று ஆற்றின் அக்கரையைப் பார்ப்பார்களே (நான் தூங்கிய இடம்), 1944இல் அங்கே சோவியத்தின் செஞ்சேனை வந்தும், ஜெர்மானியரை எதிர்த்துக் கிளம்பிய வார்சாவுக்குக் கைகொடுக்கவில்லை என்பது பார்த்த ஒவ்வொரு போலந்துக்காரனுக்கும் தெரியும். சென்சாருக்குத் தெரிந்தது வெறும் புல்கரை.

1990க்கு அப்புறமும் 17 வருஷம். படம் வந்தபோது மனிதருக்கு 81 வயது. ஏன் அவ்வளவு நாள் என்று ராத்திரியெல்லாம் யோசித்தேன். அப்பாவைச் சுடுகிற காட்சிக்குக் கேமராவை எங்கே வைப்பது என்று யாரிடம் போய்க் கேட்பது, சொல்லு?

படமாகப் பார்த்தால் அவருடைய பழைய 'சாம்பலும் வைரமும்' பக்கத்தில் இது நிற்காது, அதை ஒத்துக்கொள்கிறேன். நடுவில் ஆட்கள் அதிகம், ஆளுக்கொரு கதை, எனக்கே குழம்பிவிட்டது. ஆனால் அந்தக் கடைசிக் காட்சி இருக்கிறதே, வண்டியிலிருந்து இறக்குகிறார்கள், ஜெபம் வாயில் இருக்கும்போதே பின்மண்டையில் குண்டு, அடுத்த ஆள், மறுபடி அடுத்த ஆள், எந்த அவசரமும் இல்லாமல், ஏதோ ஆலையில் வேலை நடக்கிற மாதிரி. அப்புறம் திரை கறுப்பாகிவிடுகிறது. எழுந்து போய் விளக்கைப் போட்டேன். தூக்கத்தில் இருந்தவள் என்ன என்று கேட்டதற்கு ஒன்றுமில்லை என்றேன்.

சரி, கல்யாணத்துக்கு இரண்டு நாள் முன்னாலேயே வந்து சேர். வரும்போது 'கனால்' டிவிடியை எடுத்து வா. அது என் காசில் வாங்கினது, நீ திருப்பித் தரவே இல்லை.

கிட்டு