ஐ.க்யூ. 70: இரண்டு கேள்வி தூரம்

ஆசிரியருக்கு,

அறிவுசார் குறைபாட்டைக் கண்டறியும் முகாம்களில் குழந்தைகளின் நுண்ணறிவு ஈவைக் (ஐ.க்யூ.) கணிக்கையில், குறைபாட்டின் எல்லைக்கோடாக வைக்கும் 70 என்ற எண்ணைக் கல்வெட்டாக எடுத்துக்கொள்ளக் கூடாது. அது எப்படி வருகிறது என்று பெற்றோருக்குத் தெரிய வேண்டும்.

பினே-காமத் என்ற நுண்ணறிவுச் சோதனையில் மன வயதை (பிள்ளையின் விடைகள் எந்த வயதுக்கு ஒப்பானவை என்பதை) உண்மை வயதால் வகுத்து 100-ஆல் பெருக்குவார்கள். சிறுவர் பகுதியில் வயதுக்கு ஆறு வினா. சரியான விடை ஒவ்வொன்றுக்கும் இரண்டு மாத மன வயது. எட்டு வயதுப் பிள்ளை (96 மாதம்) 64 மாத மன வயது எடுத்தால் ஈவு 67. இன்னும் இரண்டே வினா சரியானால் 68 மாதம், ஈவு 71.

அந்த இரண்டு வினா எங்கே போகிறது? உசிலம்பட்டியிலிருந்து முதல் பஸ்ஸில் வெறும் வயிற்றோடு வந்த பசியில் போகும். சோதிக்காமல் விட்ட காதில் போகும். 'சோத்தாங்கை எது' என்றால் சட்டெனக் காட்டும் பிள்ளை, 'வலது கை' என்றதும் விழிக்கும், அதில் போகும். சோதிப்பவர் அவசரத்தில் வினாவைத் தன் போக்கில் மொழிபெயர்த்தாலும் போகும்.

1905-ல் பாரிஸில் உளவியலாளர் ஆல்பிரட் பினே இதன் மூலச் சோதனையை வகுத்ததே, எந்தப் பிள்ளைக்குக் கூடுதல் கவனிப்பு தேவை என்று அறியத்தான். அமெரிக்காவில் ஹென்றி காடர்டு போன்ற உளவியலாளர்கள் அதைப் பரம்பரை முத்திரையாக மாற்றியது பெரும் அநியாயம்.

முதலில் கண், காது பரிசோதனை. பிறகு சாப்பாடு. சந்தடியில்லாத தனி அறையில், பிள்ளையிடம் வீட்டுத் தமிழில் பேசிப் பழகிய பின்பே சோதனை. தானாகக் குளிக்கிறதா, கடைக்குப் போய் மீதிச் சில்லறை வாங்கி வருகிறதா என்பதைப் பெற்றோரிடம் கேட்டுச் சமூக முதிர்ச்சி அளவுகோலில் பதிய வேண்டும். அறிக்கையில் ஈவோடு பிழை எல்லையையும் (ஈவு எவ்வளவு கூடிக் குறையலாம் என்பதையும்) எழுதுங்கள்.

மருத்துவ உளவியலாளர்கள், மதுரை