கிரீஸ் நிப்பிள் பொதிகளில் புரி அளவு வேண்டும்

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

பெரும்போக உழவுக்கு முன்னர் உதிரிப்பாகம் தேடி வடக்கு, கிழக்கிலிருந்து கொழும்பின் உதிரிப்பாகச் சந்தையான பஞ்சிகாவத்தைக்கு வரும் விவசாயிகளின் பொருட்டு இக்கடிதத்தை எழுதுகிறேன்.

கிளிநொச்சியில் வயல் செய்யும் என் தம்பியின் ரொட்டவேற்றருக்காக (உழவு இயந்திரத்தின் பின்னால் பூட்டும் சுழல் கலப்பை) கொழும்பில் ஒரு கடையில் கிரீஸ் நிப்பிள், அதாவது பெயாரிங்குக்குள் கிரீஸ் செலுத்துவதற்குத் துளையில் திருகிப் பூட்டும் சிறு முனை, கேட்டபோது, பழையதை அளந்து பாராமலே "இதுதான் எல்லாவற்றுக்கும் பொருந்தும்" என்று கூறி ஒரு பொதியைத் தந்தார்கள். துளையோ 6 மில்லிமீற்றர் மெற்றிக் புரி (திருகு மரை). தந்ததோ கால் அங்குலப் புரி, அதாவது 6.35 மில்லிமீற்றர். தொடக்கத்திலேயே இறுகியதைச் சாவியால் வலிந்து முறுக்கியதில் துளையின் புரி அழிந்தது. கையால் இயக்கும் கிரீஸ் துப்பாக்கியே சதுர அங்குலத்துக்குச் சில ஆயிரம் இறாத்தல் அழுத்தம் கொடுக்கக்கூடியது என்பதால், அரைகுறையாகப் பிடித்திருந்த நிப்பிள் உழவின் நடுவே தெறித்துப்போக, சேறு புகுந்து பெயாரிங்கும் பழுதாயிற்று.

இத்தவறு எளிதில் நேரக்கூடியதே. 10 மில்லிமீற்றர் மெற்றிக் புரியும், அங்குலத்துக்கு 28 புரியுள்ள எட்டில் ஒரு அங்குல பிரித்தானியக் குழாய்ப் புரியும், 27 புரியுள்ள அதே அளவு அமெரிக்கக் குழாய்ப் புரியும் கண்ணுக்கு ஒன்றுபோலவே தோன்றும். எட்டில் ஒரு அங்குலம் என்பது குழாயின் பெயரளவே; புரியின் வெளிவிட்டம் ஏறத்தாழ 10 மில்லிமீற்றர். உழவு இயந்திரம் ஒரு நாட்டிலும் அதன் பின்னால் பூட்டும் கருவி வேறொரு நாட்டிலும் செய்யப்படுவதால், ஒரே வயலில் இரண்டு அளவுமுறைகள் சேர்ந்து நிற்கின்றன. ஆகவே பழைய நிப்பிளைக் கையோடு கொண்டுவந்து, வேணியர் இடுக்கியால் விட்டத்தையும் புரிமானியால் (புரியின் இடைவெளியை ஒப்பிட்டுப் பார்க்கும் பல்தகடு) புரியையும் அளந்த பின்னரே வாங்க வேண்டும். புதியது விரலாலேயே சில சுற்று ஏறாவிட்டால் அது அந்தத் துளைக்கு உரியதன்று.

கோணமும் கவனிக்கத்தக்கது. மூடியின் அடியில் துப்பாக்கியின் முனை எட்டாத இடத்தில் நேரான நிப்பிளைப் பூட்டினால் அந்த இடத்துக்குக் கிரீஸ் போடுவதையே கைவிட்டுவிடுவார்கள். அங்கே 45 அல்லது 90 பாகை வளைவுடையதே தகும். உழவு இயந்திரத்திலிருந்து கருவிக்கு விசையைக் கடத்தும் சுழலும் தண்டின் குறுக்கு மூட்டில் உயரமானதைப் பூட்டினால், அது பக்கத்திலுள்ள நுகத்தில் (மூட்டைத் தாங்கும் கவையில்) இடித்து முறிந்துவிடும்.

இறக்குமதியாளர்கள் ஒவ்வொரு பொதியிலும் விட்டம், புரி, கோணம் ஆகிய மூன்றையும் தமிழிலும் சிங்களத்திலும் அச்சிட வேண்டும் என்றும், விற்பனை மேசையில் ஒரு புரிமானியை வைத்திருக்க வேண்டும் என்றும் கேட்டுக்கொள்கிறேன். தங்கள் பத்திரிகையின் விவசாயப் பகுதியிலும் இவ்வளவுகளை ஒரு அட்டவணையாகப் பெரும்போகத்துக்கு முன்னர் வெளியிட்டால் பேருதவியாக இருக்கும்.

இங்ஙனம்,
வாசகர் ஒருவர்,
கொழும்பு 13.