துணை நடிகருக்கும் ஒரு திரையிடல் வாரம்

ஏதென்ஸ் நகரிலுள்ள கிரேக்கத் திரைப்படக் காப்பகத்தின் நிர்வாகக் குழுவினருக்கு வணக்கம்.

இயக்குநர்களின் பெயராலும் நாயக நாயகியரின் பெயராலும் திரையிடல் வாரங்கள் நடத்துவது காப்பகங்களின் வழக்கம். அவ்வரிசையில் ஒரு துணை நகைச்சுவை நடிகரின் பெயரையும் சேர்க்குமாறு கேட்டுக்கொள்ளவே இம்மடலை எழுதுகிறேன். டியோனிசிஸ் பாபயானோபுலோஸை உங்களுக்கு நான் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. ஆனால், கிரேக்க மொழி அறியாமல் துணைத்தலைப்புகளைப் படித்தபடியே உங்கள் படங்களைப் பார்க்கும் என் போன்றோருக்கு, அவர் பெயர் தெரியாத ஒரு முகமாகவே பல காலம் இருந்தார்.

1912இல் கிரேக்க நாட்டின் டியாகோப்டோ என்ற ஊரில் பிறந்து, தேசிய நாடக அரங்கின் நடிப்புப் பள்ளியில் பயின்ற மேடைக் கலைஞர் அவர். கிரேக்கத் திரையுலகம் ஆண்டுக்கு நூறு படங்களுக்கு மேல் எடுத்துத் தள்ளிய அறுபதுகளின் பிற்பகுதியில், கோபக்காரத் தகப்பன், ஊர்ப் பெரிய மனிதர் போன்ற வேடங்கள் அவரைத் தேடி வந்தன. 1966இல் வெளியான 'ஜெனி ஜெனி' படத்தில், ஸ்பெட்சஸ் தீவில் செல்வாக்குள்ள தகப்பனாக வருகிறார். ஜெனி கரேஸியும் லாம்ப்ரோஸ் கொன்ஸ்தந்தாராஸும் உடன் நடிக்கும் அப்படத்தில், இவருடைய கரகரத்த பெருங்குரல் எழும்போதெல்லாம் என் கண் நாயகியை விட்டு இவர் பக்கம் போய்விடுகிறது. உரக்க அதட்டும் அந்தக் குரலுக்கு அடியில், தன் சொல் எடுபடாமல் போய்விடுமோ என்ற அச்சமும் கேட்கிறது. சிரிப்பு அந்த அச்சத்திலிருந்துதான் பிறக்கிறது என்பது என் கருத்து.

இதையே இயக்குநர் தியோ ஆஞ்சலோபொலஸும் கண்டுகொண்டிருக்க வேண்டும். அவருடைய 'சித்தேராவுக்குப் பயணம்' படத்தில், முப்பதாண்டுகளுக்கு மேல் நாடு கடந்து வாழ்ந்துவிட்டுத் திரும்பும் முதியவராக மானோஸ் கட்ராகிஸ் நடித்தார். கிரேக்க உள்நாட்டுப் போரில் அம்முதியவருக்கு எதிரணியில் நின்ற அந்தோனிஸாக நடித்தவர் பாபயானோபுலோஸ். நிலத்தை விற்க ஊரே இசைந்திருக்க முதியவர் மட்டும் மறுக்கும்போது, மூட்டமான அந்த மலைக்கிராமத்தில் அந்தோனிஸ் சினந்து கத்துகிறார். நகைச்சுவைப் படங்களில் நாம் கேட்டுச் சிரித்த அதே குரல்தான் அது. இங்கே ஒருவரும் சிரிப்பதில்லை. 1984 மே மாதம் கான் திரைப்பட விழாவில் அப்படம் சிறந்த திரைக்கதைக்கான விருதைப் பெற்றபோது பாபயானோபுலோஸ் உயிருடன் இல்லை. அதற்கு முந்தைய மாதமே காலமாகியிருந்தார். அதே ஆண்டு செப்டம்பரில் கட்ராகிஸும் மறைந்தார்.

அந்தக் கடைசி வேடத்தை, வணிகப் படங்களில் வீணான ஒருவருக்குத் தாமதமாகக் கிடைத்த மீட்சி என்று கருதுவோர் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. ஆண்டுக்கணக்காகத் தகப்பன் வேடங்களில் பழகிய குரலும் உடலும் இல்லாமல் அந்தோனிஸ் உருவாகியிருக்க முடியாது.

எனவே இவ்விரு படங்களையும் ஒரே அரங்கில், அடுத்தடுத்த மாலைகளில், நகைச்சுவைப் படத்தை முதலில் வைத்துத் திரையிடுங்கள். அறிவிப்பிலும் சுவரொட்டியிலும் அவர் பெயர் முதலில் இருக்கட்டும். நகைச்சுவைப் படங்களுக்கும் நல்ல துணைத்தலைப்புகள் அமைத்துக் கொடுத்தால், தொலைவில் இருக்கும் எங்களுக்கும் அது பேருதவியாகும்.

அன்புடன்,
ஒரு தமிழ்த் திரைப்பட ரசிகர்