சின்னப்பன் பேரன் பவுலுக்கு

வடக்கன்குளம்
ஞாயிறு, பூசை முடிந்து வந்து

அன்பு மகன் பவுலுக்கு,

அம்மா எழுதுவது. போனில் பேசினால் பாதியிலேயே உனக்கு மீட்டிங் வந்துவிடுகிறது. அதனால் காகிதத்தில் எழுதி, போட்டோ எடுத்து அனுப்பும்படி உன் தங்கையிடம் சொல்லியிருக்கிறேன். மருமகளுக்குக் கால் வீக்கம் வடிந்ததா? உப்பைக் குறைக்கச் சொல், ஐயா.

பிறக்கப்போகிற குழந்தைக்கு நீ அனுப்பிய பெயர்களைப் பார்த்தேன். பையன் என்றால் லூக்காஸ், பெண்பிள்ளை என்றால் சோஃபி. "இங்க உள்ளவங்க வாயில நுழையணும், நம்ம ஊர்ப் பேராவும் இருக்கணும்னா ஒண்ணும் அமைய மாட்டேங்குதும்மா" என்று அலுத்துக்கொண்டாய். அப்பா ஒன்றும் சொல்லாமல் பேப்பரைப் புரட்டினார். எனக்குத்தான் ராத்திரி தூக்கம் பிடிக்கவில்லை.

நாலாம் வகுப்பில் ஒரு நாள் அழுதுகொண்டே வந்தாயே, ஞாபகம் இருக்கிறதா? ஏதோ படிவத்தில் இருந்த தாத்தா பெயரை வாத்தியார் உரக்க வாசித்துவிட்டார். "சின்ன அப்பன், சின்ன அப்பன்" என்று பையன்கள் உன்னை ஓட்டியிருக்கிறார்கள். அன்றைக்குப் பனங்கிழங்கைக் கையில் கொடுத்துச் சமாதானப்படுத்தியதோடு விட்டுவிட்டேன். விவரம் சொல்லியிருக்க வேண்டும். பவுலுஸ் என்பது லத்தீன் சொல். சின்னவன் என்று அர்த்தம். அந்தக் காலத்துச் சாமியார்கள் ஒலியை விட்டுவிட்டு அர்த்தத்தை எடுத்துச் சின்னப்பர் என்று தமிழாக்கினார்கள். ஞானஸ்நானத்தில் உனக்குப் பவுல் என்று போட்டதே தாத்தா பெயரைத்தான். கோயில் புத்தகத்தில் பவுல், சர்டிபிகேட்டில் பால், செக் நாட்டு ப்ர்னோவில் உன்னோடு வேலை பார்க்கிறவர்களுக்குப் பாவெல். எப்படிக் கூப்பிட்டாலும் நீ சின்னப்பன்தான்.

என் சின்ன வயதில் பூசையில் "சின்னப்பர் எழுதிய திருமுகம்" என்றுதான் வாசிப்பார்கள். 1995இல் பொது மொழிபெயர்ப்பு பைபிள் வந்தபிறகு பவுல், பேதுரு, யோவான் என்று மாறிவிட்டது. எல்லாச் சபைக்கும் ஒரே பெயர் இருப்பது நல்லதுதான். ஆனாலும் இராயப்பர், அருளப்பர் என்று கேட்டுப் பழகிய காதுக்கு இன்னும் உறுத்துகிறது. பேதுரு என்றால் கிரேக்கத்தில் பாறை. தெலுங்கில் ராயி என்றால் கல், இராயப்பர் அதிலிருந்து வந்ததுதான் என்று எங்கள் தமிழ் ஐயா சொல்வார். யோவானுக்கு எபிரேயத்தில் கடவுள் அருள்கூர்ந்தார் என்று பொருள். அதனால் அருளப்பர். 1693இல் ஓரியூரில் தலை வெட்டுண்ட அருளானந்தர், போர்ச்சுகலில் பிறந்தபோது ஜுவாங். அதுவும் அதே யோவான்தான்.

எல்லாப் பெயரையும் இப்படி மாற்றிவிடவில்லை. சூசை, சந்தியாகு, சவேரியார் எல்லாம் ஒலியாகவே கப்பலேறி வந்தவை. சவேரியார் என்பது அவருடைய குடும்பத்துக் கோட்டையின் பெயர். பாஸ்க் மொழியில் புதுவீடு என்று அர்த்தமாம். எங்கள் அண்ணன் சவேரிமுத்து ஐம்பது வருஷமாக ஓலை வீட்டை ஓட்டு வீடாக்கப் பாடுபட்டதை நினைத்துச் சிரித்துக்கொண்டேன்.

நம்ம ஊருக்கே வா. 1745இல் நீலகண்ட பிள்ளை ஞானஸ்நானம் வாங்கியது இந்த வடக்கன்குளத்தில். வைத்த பெயர் லாசர், அதாவது கடவுள் உதவினார். அதைத் தமிழில் தேவசகாயம் என்றார்கள். ஏழு வருஷத்தில் காற்றாடிமலையில் சுட்டுக் கொன்றுவிட்டார்கள். இன்றைக்கு நம் தெருவில் 'தேவசகாயம்' என்று குரல் கொடுத்தால் நாலு பேர் திரும்புவார்கள். அவர்களில் ஒருவருக்காவது அது எபிரேயப் பெயர் என்று தோன்றுமா?

இப்போது உன் பட்டியல். சோஃபியா என்றால் கிரேக்கத்தில் ஞானம். உன் பெரிய அத்தை பெயர் என்ன? ஞானம்மாள்! சைக்கிள் பழகிக் கொடுத்த அத்தையின் பெயரைத் தேர்ந்தெடுத்துவிட்டு, ஊர்ப் பெயர் அமையவில்லை என்கிறாயே. பள்ளிக்கூடத்தில் சோஃபி, வீட்டில் ஞானம். பிரசவம் மே மாதம் என்கிறாய். அந்த ஊர் காலண்டரில் மே 15 சோஃபிக்குரிய நாள் என்று நீதானே சொன்னாய்? 2022இல் தேவசகாயத்துக்கு ரோமில் புனிதர் பட்டம் கொடுத்ததும் அதே மே 15. தேதி தள்ளிப் பிறந்தாலும் பரவாயில்லை, சுகமாகப் பிறக்கட்டும்.

லூக்காஸில்தான் எனக்கு மனசு ஒட்டவில்லை. இத்தாலியில் லுக்கானியா என்றொரு பகுதி, அந்தப் பகுதிக்காரன் என்று அர்த்தம். திருநெல்வேலிக்காரன் என்று பெயர் வைப்பது மாதிரி! பையன் என்றால் வளன் என்று வையேன். சூசையப்பர் பெயர் எபிரேயத்தில் யோசேப்பு, 'அவர் கூட்டித் தருவார்' என்று பொருள். வீரமாமுனிவர் தேம்பாவணி பாடும்போது அதை வளன் ஆக்கினார். 3615 பாட்டு, அத்தனைக்கும் அவன்தான் தலைவன். இரண்டே எழுத்துக்கு மேல் ஒன்று, செக் நாக்குக்கு என்ன கஷ்டம்? மருமகளிடம் சொல்லிப் பார். அவள் வேண்டாம் என்றால் வேண்டாம், சுமக்கிறவள் அவள்.

இன்னொன்று. பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் கேட்டதற்கு நீ அப்பா பெயரைப் போட, ஆபீஸில் உன்னை 'பான் அந்தோணி', அதாவது திரு. அந்தோணி, என்கிறார்கள் என்றாய். இதைக் கேட்டதிலிருந்து அப்பாவுக்கு ஒரே பெருமை. பேரப்பிள்ளைக்கும் அந்தோணி வரும் என்று தெருவெல்லாம் சொல்லிவிட்டார். நம் முறைப்படி இனிஷியல் 'பா' என்று அவரிடம் சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

சுக்கும் கருப்பட்டியும் கட்டி வைத்திருக்கிறேன், தங்கை வரும்போது கொண்டு வருவாள். மதிய மணியைப் பதினோரு மணிக்கே அடிக்கிற குன்றுக் கோயிலை வீடியோவில் காட்டினாயே, அது இராயப்பர் சின்னப்பர் கோயில்தானே? ஜூன் 29 அவர்கள் திருநாள். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய் தாத்தாவுக்கு ஒரு மெழுகுதிரி ஏற்றிவிட்டு வா.

முத்தங்களுடன்,
அம்மா